கடைசி எழுத்து ‘எஸ்’: மருத்துவக் குறியீட்டிலிருந்து வகுப்பறைக்கு ஒரு பாடம்

எங்கள் பள்ளி கைலாசபுரம் நகரியத்தை ஒட்டிய பகுதியில் உள்ளது. பெற்றோரில் பலர் பெல் கொதிகலன் ஆலையைச் சார்ந்த சிறு பட்டறைகளில் வேலை செய்பவர்கள். சென்ற ஆண்டு பன்னிரண்டாம் வகுப்பு மாணவர்களுக்கு உயர்கல்வி வழிகாட்டி நிகழ்ச்சி நடத்தியபோது, எங்கள் பழைய மாணவி ஒருவரைப் பேச அழைத்திருந்தோம். உயிரியல் பிரிவில் படித்து, பட்டம் பெற்று, இப்போது திருச்சியில் ஒரு நிறுவனத்தில் மருத்துவக் குறியீட்டாளராக, அதாவது மெடிக்கல் கோடராகப் பணிபுரிகிறார். அமெரிக்க மருத்துவமனைகளின் சிகிச்சைக் குறிப்புகளைப் படித்து, காப்பீட்டு நிறுவனங்களுக்கு அனுப்ப வேண்டிய குறியீடுகளாக மாற்றுவது அவருடைய வேலை. சென்னை, கோவை, திருச்சி போன்ற நகரங்களில் அறிவியல் பட்டதாரிகள் பலர் இந்த வேலையில் இருக்கிறார்கள்.

அவர் கரும்பலகையில் ஒரே ஒரு குறியீட்டை எழுதினார்:

டி36.5எக்ஸ்5எஸ்

“இதுல ஒரு மனுஷனோட கதை முழுசா இருக்கு. யாராவது படிங்க பார்ப்போம்” என்றார். மாணவர்கள் சிரித்தார்கள். அறிவியல் ஆசிரியரான எனக்கும் படிக்கத் தெரியவில்லை. அடுத்த அரை மணி நேரத்தில் அவர் அதைப் பிரித்துக் காட்டினார். அந்த அரை மணி நேரம் என் ஏழாம் வகுப்பு மாணவன் ஒருவனைப் பற்றிய என் கருத்தை மாற்றியது. அதனால்தான் இந்தக் கட்டுரை.

நமக்குத் தெரிந்த குறியீடு

குறியீடு நமக்குப் புதிதல்ல. பள்ளியின் யுடைஸ் எண் 11 இலக்கங்கள் கொண்டது. முதல் இரண்டு இலக்கங்கள் மாநிலத்தைக் குறிக்கும், தமிழ்நாட்டுக்கு 33. அடுத்த இரண்டு மாவட்டம், அதற்கடுத்த இரண்டு ஒன்றியம், பின் மூன்று இலக்கங்கள் கிராமம் அல்லது வார்டு, கடைசி இரண்டு பள்ளி. இடமிருந்து வலமாகப் படிக்கப் படிக்கப் பெரிய வட்டம் சுருங்கி ஒரு பள்ளியின் வாசலில் வந்து நிற்கும்.

நோய்களுக்கும் இப்படி ஓர் உலகப் பட்டியல் உண்டு. 1893 இல் பிரெஞ்சுப் புள்ளியியலாளர் ஜாக் பெர்டில்லோன் இறப்புக் காரணங்களை வகைப்படுத்தித் தந்த பட்டியலே இதன் தொடக்கம். 1948 இல் ஆறாவது திருத்தத்தின்போது உலக சுகாதார நிறுவனம் அதன் பொறுப்பை ஏற்றது. ‘நோய்களின் பன்னாட்டு வகைப்பாடு’ எனப்படும் அதன் பத்தாவது திருத்தம் 1990 இல் ஏற்கப்பட்டது. பதினொன்றாவது 2022 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தது. நம் நாட்டிலும் மருத்துவர் இறப்புக்கான காரணத்தைச் சான்றளிக்கும்போது, அது இந்த வகைப்பாட்டின்படியே தொகுக்கப்படுகிறது. அமெரிக்கா பத்தாவது திருத்தத்தை மேலும் விரிவாக்கி, 2015 அக்டோபர் 1 முதல் பயன்படுத்துகிறது. எங்கள் மாணவி எழுதியது அந்த விரிவான வடிவம்.

பிரித்துப் படிப்போம்

முதல் எழுத்து ‘டி’. காயங்கள், நச்சேற்றம் போன்ற புறக் காரணங்களால் வரும் பாதிப்புகளின் அத்தியாயத்தில் இது வருகிறது.

‘டி36’ என்பது உடல் முழுதும் செயல்படும்படி உட்கொள்ளும் அல்லது ஊசியாகப் போடும் நுண்ணுயிர் எதிரி மருந்துகள். ஆன்டிபயாடிக் என்று நாம் சொல்பவை.

புள்ளிக்குப் பின் வரும் இலக்கம் மருந்துக் குடும்பம். 0 என்றால் பென்சிலின்கள். 1 செஃபலோஸ்போரின்கள். 2 குளோராம்பெனிகால். 3 எரித்ரோமைசின் போன்ற மேக்ரோலைடுகள். 4 டெட்ராசைக்ளின்கள். 5 அமினோகிளைக்கோசைடுகள், ஸ்ட்ரெப்டோமைசின், ஜென்டாமைசின், கனாமைசின் இக்குடும்பத்தவை. 6 ரிஃபாமைசின்கள்.

அடுத்து வரும் ‘எக்ஸ்’ வெறும் இடநிரப்பி. எண் அமைப்பில் 105 என்று எழுதும்போது பத்தாம் இடத்தில் பூஜ்யம் செய்யும் வேலையை இது செய்கிறது. அந்த இடத்தில் சொல்ல ஒன்றுமில்லை. ஆனாலும் இடத்தை விட்டுவிட்டால் அடுத்து வருபவை இடம் மாறிப் பொருள் கெட்டுவிடும். தொடக்கப்பள்ளி ஆசிரியர்கள் இடமதிப்புப் பாடத்தில் இதைச் சொல்லலாம்.

ஒரு கேள்வி எழலாம்: காதில் விடும் ஆன்டிபயாடிக் சொட்டு மருந்தும் டி36 தானா? இல்லை. காது, மூக்கு, தொண்டையில் மேற்பூச்சாகவோ சொட்டாகவோ பயன்படுத்துபவை டி49.6 இல் சேரும். மருந்து எது என்பதோடு எந்த வழியில் உடலுக்குள் போனது என்பதும் வகைப்பாட்டில் முக்கியம்.

ஆறாவது இடம்: எப்படி நேர்ந்தது?

இந்த இடத்தில் ஆறு எண்களில் ஒன்று வரும். தற்செயலான நச்சேற்றம் 1. தனக்குத் தானே வேண்டுமென்றே செய்துகொண்டது 2. பிறர் செய்தது 3. எப்படி என்று தீர்மானிக்க முடியாதது 4. பக்க விளைவு 5. மருந்தைக் குறைவாக எடுத்துக்கொண்டது 6.

நச்சேற்றத்துக்கும் பக்க விளைவுக்கும் உள்ள வேறுபாட்டை நாம் அன்றாடப் பேச்சில் கவனிப்பதில்லை. “மருந்து ஒத்துக்கல” என்று எல்லாவற்றையும் ஒன்றாகச் சொல்லிவிடுகிறோம். குறியீட்டாளர் அப்படிச் சொல்ல முடியாது. மருத்துவர் சரியான மருந்தைச் சரியான அளவில் எழுதி, அது சரியாகவே கொடுக்கப்பட்டும் உடல் பாதிக்கப்பட்டால் அது பக்க விளைவு. தவறான மருந்து, தவறான அளவு, தவறான வழி என்றால் அது நச்சேற்றம். அண்ணனுக்கு எழுதிக் கொடுத்த மாத்திரையைத் தம்பி விழுங்கிப் பாதிக்கப்பட்டாலும், மருந்துப் பாட்டிலின் அளவு மூடிக்குப் பதில் சமையலறைக் கரண்டியில் ஊற்றியதால் அளவு கூடிப் பாதிக்கப்பட்டாலும் நச்சேற்றமே. ஐந்து நாளுக்கு எழுதிய மருந்தைக் காய்ச்சல் நின்றதும் இரண்டாம் நாளே நிறுத்தினால் அது ‘குறைவாக எடுத்துக்கொண்டது’.

எங்கள் மாணவி எழுதிய குறியீட்டில் ஆறாவது இடத்தில் இருந்தது 5. அதாவது மருந்து சரி, அளவு சரி, கொடுத்த முறையும் சரி. யார் மீதும் பிழை இல்லை. ஆனாலும் பாதிப்பு வந்தது.

கடைசி எழுத்து: எந்தக் கட்டம்?

ஏழாவது இடத்தில் மூன்று எழுத்துகளில் ஒன்று வரும். ‘ஏ’ என்றால் பாதிப்புக்குத் தீவிர சிகிச்சை நடந்துகொண்டிருக்கிறது. ‘டி’ என்றால் அது முடிந்து, தேறிவரும் கட்டத்துக் கவனிப்பு. ‘எஸ்’ என்றால் பின்விளைவு. மருந்து எப்போதோ நின்றுவிட்டது. அது விட்டுச்சென்றது மட்டும் இருக்கிறது. இதற்குக் கால வரம்பு கிடையாது. இருபது ஆண்டு கழித்தும் ‘எஸ்’ போடலாம்.

‘எஸ்’ தனியாக நிற்கக் கூடாது என்பது விதி. இப்போது இருக்கும் பாதிப்பின் குறியீட்டை முதலில் எழுத வேண்டும். அதன் காரணத்தைச் சொல்லும் ‘எஸ்’ குறியீடு இரண்டாவதாகத்தான் வரும். எங்கள் மாணவி முதலில் ஹெச்91.03 என்று எழுதி, அதன்கீழ் டி36.5எக்ஸ்5எஸ் என்று எழுதினார். ஹெச்91.03 என்பது மருந்தின் நச்சுத்தன்மையால் இரு காதுகளிலும் ஏற்பட்ட கேட்புக்குறைவு. இரண்டையும் சேர்த்துப் படித்தால் கதை கிடைக்கிறது: ‘இவருக்கு இரு காதிலும் கேட்புத்திறன் குறைந்திருக்கிறது. முன்பு எப்போதோ, முறையாகக் கொடுக்கப்பட்ட அமினோகிளைக்கோசைடு மருந்து அதற்குக் காரணம்.’

உலக சுகாதார நிறுவனத்தின் மூல வடிவத்தில் ஏழாவது எழுத்து இல்லை. மருந்து நச்சேற்றத்தின் பின்விளைவுகளுக்கு டி96 என்றும், சிகிச்சையாகக் கொடுத்த மருந்தின் பக்க விளைவால் வந்த பின்விளைவுகளுக்கு ஒய்88.0 என்றும் தனி எண்கள் உள்ளன. வடிவம் வேறாக இருந்தாலும் இன்றைய நிலையையும் அன்றைய காரணத்தையும் தனித்தனியே பதிவு செய்வது இரண்டிலும் உண்டு.

காதுக்குள் என்ன நடக்கிறது?

உட்செவியின் காக்ளியாவில் நுண்ணிய முடி போன்ற நீட்சிகள் கொண்ட உணர் செல்கள் வரிசையாக உள்ளன. ஒலி அதிர்வை நரம்புத் துடிப்பாக மாற்றுபவை அவையே. மனிதரில் இவை ஒருமுறை அழிந்தால் மீண்டும் வளர்வதில்லை. அமினோகிளைக்கோசைடு மருந்துகள் இந்தச் செல்களுக்குள் புகுந்து தங்கிவிடக்கூடியவை. பெரும்பாலும் காக்ளியாவின் அடிப்பகுதியில் உள்ள, உயர் அதிர்வெண் ஒலிகளை உணரும் செல்களே முதலில் அழிகின்றன.

உயர்நிலை வகுப்பு ஆசிரியர்கள் இங்கே ஒரு நல்ல இணைப்பைக் காட்டலாம். இம்மருந்துகள் பாக்டீரியாவின் ரைபோசோமைத் தாக்கிப் புரத உற்பத்தியைக் குலைக்கின்றன. நம் மைட்டோகாண்டிரியாவின் ரைபோசோம் பாக்டீரியாவின் ரைபோசோமை ஒத்தது. மைட்டோகாண்டிரிய டி.என்.ஏ.வில் 1555 ஆம் இடத்தில் ஒரு மாற்றம் இருந்தால் அந்த ஒற்றுமை இன்னும் கூடிவிடும் என்பது 1993 இல் கண்டறியப்பட்டது. அப்படிப்பட்டவருக்கு வழக்கமான அளவு மருந்தே காதைப் பாதிக்கலாம். மைட்டோகாண்டிரியா தாய்வழியாக மட்டுமே வருவதால், “உங்க அம்மா பக்கத்துல யாருக்காவது ஊசி போட்ட பிறகு காது கேக்காமப் போச்சா?” என்ற மருத்துவரின் கேள்விக்குப் பின்னால் ஒரு மரபியல் பாடமே இருக்கிறது.

இம்மருந்துகளின் வரலாற்றில் தமிழ்நாட்டுக்கும் இடமுண்டு. 1943 இல் அமெரிக்காவில் செல்மன் வாக்ஸ்மனின் ஆய்வகத்தில் ஆல்பர்ட் ஷாட்ஸ் பிரித்தெடுத்த ஸ்ட்ரெப்டோமைசின், காசநோய்க்குக் கிடைத்த முதல் ஆன்டிபயாடிக். தலைசுற்றலும் கேட்புக்குறைவும் அதன் பக்க விளைவுகள் என்பது சில ஆண்டுகளிலேயே தெரிந்துவிட்டது. 1956 இல் சென்னை சேத்துப்பட்டில் தொடங்கப்பட்ட காசநோய் மருந்தாய்வு மையம், நோயாளிகளை வீட்டிலேயே வைத்துச் சிகிச்சை தரலாம் என்று 1959 இல் உலகுக்குக் காட்டியது. வாரம் இருமுறை ஸ்ட்ரெப்டோமைசின் ஊசியும் ஐசோநியாசிட் மாத்திரையும் தரும் முறையையும் பின்னர் அங்கே ஆராய்ந்தார்கள். இன்று அது தேசியக் காசநோய் ஆராய்ச்சி நிறுவனம். பல மருந்துகளுக்குக் கட்டுப்படாத காசநோய்க்குப் போடப்பட்டு வந்த கனாமைசின் ஊசியை உலக சுகாதார நிறுவனம் 2018 இல் பரிந்துரையிலிருந்து நீக்கியது. இன்று அந்நோய்க்கும் வாய்வழி மருந்துகளே முதன்மையாகிவிட்டன.

ஏழாம் வகுப்பு மாணவன்

இனி அந்த மாணவனுக்கு வருகிறேன். மூன்றாவது வரிசையில் உட்காருவான். கூப்பிட்டால் திரும்புவான், பேசுவான், சிரிப்பான். ஆனால் சொல்வதை எழுதச் சொன்னால் தவறுகள் குவியும். ‘பாசி’ என்றால் ‘பாதி’ என்றும், ‘தசை’ என்றால் ‘தடை’ என்றும் எழுதியிருப்பான். கரும்பலகையைப் பார்த்து எழுதினால் ஒரு பிழையும் இருக்காது. “பலகையப் பாத்துன்னா ஒழுங்கா எழுதுற, நான் சொன்னா மட்டும் உனக்கு என்னடா?” என்று பலமுறை கடிந்திருக்கிறேன். பெற்றோர் கூட்டத்தில் அவன் அம்மாவிடம் “கவனம் இல்லம்மா, விளையாட்டுப் புத்தி” என்றேன். அவனைப் பற்றிய என் குறிப்பேட்டிலும் ‘கவனக்குறைவு’ என்றே எழுதி வைத்திருந்தேன்.

எங்கள் மாணவி உயர் அதிர்வெண் இழப்பைப் பற்றிச் சொன்னபோது என் கை அந்தக் குறிப்பேட்டின்மேல்தான் இருந்தது. உயிர் ஒலிகள் பெரும்பாலும் தாழ்ந்த அதிர்வெண்ணில் வலுவாக இருப்பவை. ச, ஸ, ஷ போன்ற ஒலிகள் உயர் அதிர்வெண்ணில் மெலிதாக இருப்பவை. உயர் அதிர்வெண் மட்டும் கேட்காத குழந்தைக்கு நம் குரல் கேட்கும், பெயர் கேட்கும், ‘பா’வும் ‘ஐ’யும் கேட்கும். நடுவில் வரும் மெய்யொலி மட்டும் நழுவிவிடும். நழுவியதை அது ஊகித்து நிரப்பும். அந்த ஊகத்தைத்தான் நான் சிவப்பு மையால் சுழித்துக்கொண்டிருந்தேன்.

நிகழ்ச்சி முடிந்ததும் மாணவியிடம் இவனைப் பற்றிச் சொன்னேன். “முதல்ல காது பரிசோதனை செய்யுங்க டீச்சர். காரணத்த அப்புறம் பாத்துக்கலாம்” என்றார். பள்ளிக்கு வரும் ஆர்.பி.எஸ்.கே. மருத்துவக் குழுவிடம் சொல்லி, அவர்கள் வழியாக மாவட்ட இடையீட்டு மையத்துக்கு அனுப்பினோம். ஒலிச்சோதனையில் இரு காதிலும் உயர் அதிர்வெண் கேட்பு குறைந்திருப்பது தெரிந்தது.

அவன் அம்மா பழைய மஞ்சள் பை ஒன்றில் அவன் பிறந்தபோது தந்த தாள்களைக் கொண்டுவந்தார். குறைமாதத்தில் பிறந்தவன், இரத்தத்தில் கிருமித் தொற்று, பல நாள் தீவிர சிகிச்சை, மருந்துப் பட்டியலில் ஜென்டாமைசின். “அந்த ஊசியாலதான் டீச்சர் இப்படி ஆச்சா? நான் அன்னிக்கே வேணாம்னு சொல்லியிருக்கணுமோ?” என்று கேட்டார். நான் அறிவியல் ஆசிரியர். அன்றுதான் மருந்தையும் காதையும் பற்றிப் படித்திருந்தேன். ‘ஆமாம்’ என்ற சொல் வாய் வரை வந்துவிட்டது. மருத்துவரிடமே கேட்போம் என்று சொல்லி அனுப்பினேன்.

காலியாக விட்ட இடம்

மருத்துவர் கேட்புக்குறைவை எழுதினார். காரணத்தை எழுதவில்லை. குறைமாதப் பிறப்பு, கடும் தொற்று, தீவிர சிகிச்சை, மருந்து என எதுவும் காரணமாக இருக்கலாம், ஒன்றைமட்டும் சுட்ட முடியாது என்று அம்மாவிடம் விளக்கினார். பிறந்த குழந்தைக்கு வரும் கிருமித் தொற்று உயிரைப் பறிக்கக்கூடியது என்றும், அதற்கு ஜென்டாமைசின் இன்றும் முறையான சிகிச்சையில் உள்ள மருந்து என்றும், அன்று மறுத்திருந்தால் பையன் இன்று பள்ளிக்கு வந்திருப்பானா என்பதே சந்தேகம் என்றும் சொன்னார். அந்த அம்மா அன்று நிம்மதியாகத் தூங்கியதாக மறுநாள் சொன்னார்.

இதைத் தொலைபேசியில் என் மாணவியிடம் சொல்லி, “உன் குறியீட்டில் எழுதினால் எப்படி எழுதுவாய்?” என்று கேட்டேன். “ஹெச்90.3, இரு காதிலும் நரம்பு சார்ந்த கேட்புக்குறைவு. அவ்வளவுதான் டீச்சர். ‘எஸ்’ போட முடியாது. ‘இருக்கலாம்’னு எழுதியிருந்தாக்கூட வெளிநோயாளிக் குறிப்புல அத உறுதியா எடுத்துக்கிட்டு கோடு போடக் கூடாது. டாக்டர் எழுதாதத நாங்க எழுதினா அது தப்பு” என்றார்.

நான் என் குறிப்பேட்டைத் திறந்து பார்த்தேன். ‘கவனக்குறைவு’. அதுவும் ஒரு காரணக் குறியீடுதான். எந்தச் சோதனையும் இல்லாமல், யாரும் எழுதித் தராமல், நானே போட்டது. ‘சொல்வதை எழுதும்போது மட்டும் பிழை, பார்த்து எழுதும்போது இல்லை’ என்று நான் கண்டதை மட்டும் எழுதியிருந்தால், படிக்கும் அடுத்த ஆசிரியருக்காவது சந்தேகம் வந்திருக்கும். அடித்துவிட்டு அப்படியே எழுதினேன்.

இன்னொன்றும் தெரிந்துகொண்டேன். 2016 ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டப்படி, பேச்சொலி அதிர்வெண்களில் இரு காதிலும் 60 முதல் 70 டெசிபல் வரை இழப்பு இருந்தால்தான் ‘கேட்புத்திறன் குறைந்தவர்’ என்ற வகையில் வருவர். இவனுடைய இழப்பு அந்த அளவுக்கு இல்லை. எனவே எமிஸ் தளத்தில் இவனுக்காக நிரப்ப ஒரு கட்டம் இல்லை. ஆனால் வகுப்பில் இவனுக்குத் தேவைகள் உண்டு: முதல் வரிசை இடம், மின்விசிறிச் சத்தத்திலிருந்து விலகிய இருக்கை, முகத்தைப் பார்த்துப் பேசும் ஆசிரியர், பலகையில் எழுதிவிட்டுச் சொல்லும் புதிய சொற்கள். வட்டார வள மையத்தின் சிறப்பாசிரியர் வந்து இவற்றைச் சொல்லிக்கொடுத்தார். எதற்கும் செலவில்லை.

வகுப்பறைச் செயல்பாடுகள்

தொடக்க வகுப்பு: மாணவர்கள் தங்கள் வகுப்பறைப் பொருள்களுக்கு மூன்று இடக் குறியீடு அமைக்கட்டும். முதல் இடம் வகை, இரண்டாம் இடம் நிறம், மூன்றாம் இடம் எண்ணிக்கை. நிறம் பொருந்தாத பொருளுக்கு ‘எக்ஸ்’ இடட்டும். இடநிரப்பியின் பொருள் விளையாட்டாகவே புரியும்.

6 முதல் 8 ஆம் வகுப்பு: நான்கு கதை அட்டைகள் தயாரியுங்கள். பாதியில் நிறுத்திய மாத்திரை, அண்ணனின் மருந்தைக் குடித்த தம்பி, கரண்டியால் அளந்த மருந்து, முறையாகக் கொடுத்தும் வந்த தோல் தடிப்பு. மாணவர்கள் குழுவாக விவாதித்து நச்சேற்றம், பக்க விளைவு, குறைவாக எடுத்தது என்று பிரிக்கட்டும். ஒவ்வொரு முடிவுக்கும் கதையில் உள்ள எந்த வரி சான்று என்று அடிக்கோடிட வேண்டும். கதையில் இல்லாததைச் சொல்லும் குழுவுக்கு மதிப்பெண் இல்லை. 2, 3 ஆகிய எண்களை இவ்வகுப்புகளில் எடுக்க வேண்டாம்.

9, 10 ஆம் வகுப்பு: டெட்ராசைக்ளின் கால்சியத்தோடு பிணையும், பல் உருவாகும் வயதில் கொடுத்தால் பல்லில் நிரந்தரக் கறை படியும். இந்தச் செய்தியைத் தந்து, ‘இப்போது இருப்பது எது? காரணம் எது? எது முதலில் எழுதப்படும்?’ என்று கேளுங்கள்.

மேல்நிலை: பாக்டீரியா, மைட்டோகாண்டிரியா ரைபோசோம் ஒப்புமையையும் தாய்வழி மரபையும் இணைத்து ஒரு வம்சாவளி வரைபடம் வரையச் செய்யலாம். மருத்துவக் குறியீட்டுப் பணிக்கு உடலியலும் மருத்துவச் சொற்களும் ஆங்கில வாசிப்பும் அடிப்படை என்பதையும் சொல்லுங்கள்.

ஓர் எச்சரிக்கை. பாடம் முடிந்து வீட்டுக்குப் போகும் குழந்தை “ஊசி போட்டா காது போயிடும்” என்று சொல்லிவிடக் கூடாது. மருத்துவர் எழுதிய மருந்தை எழுதிய அளவில், எழுதிய நாள் வரை சாப்பிட வேண்டும். சந்தேகம் வந்தால் அவரிடமே கேட்க வேண்டும். இதைச் சொல்லிப் பாடத்தை முடியுங்கள்.

நமக்கான மதிப்பீடு

மாணவர்களுக்கு வைக்கும் மதிப்பீட்டோடு நமக்கும் ஒன்று. நம் குறிப்பேட்டில் ‘சோம்பேறி’, ‘மந்தம்’, ‘கவனக்குறைவு’ என்று எழுதியுள்ள பெயர்களை இந்த வாரம் ஒருமுறை எடுத்துப் பார்ப்போம். ஒவ்வொன்றின் எதிரிலும் நாம் கண்ணால் கண்டது எது என்று எழுதுவோம். பிழை சொல்வதை எழுதும்போது மட்டும் வருகிறதா, பலகையைப் பார்க்கும்போது மட்டும் வருகிறதா, எந்த நேரத்தில் அதிகமாக வருகிறது என்று குறிப்போம். காரணம் தெரியாத இடத்தைக் காலியாகவே விட்டு, தெரிந்தவரிடம் அனுப்புவோம்.

அந்த மாணவன் இப்போது எட்டாம் வகுப்பில், முதல் வரிசையில் இருக்கிறான். போன வாரம் சொல்வதை எழுதுதலில் இருபதுக்குப் பதினெட்டு. விட்ட இரண்டு சொற்களை நான் பலகைப் பக்கம் திரும்பிக்கொண்டு சொல்லியிருக்கிறேன், அவன்தான் சுட்டிக்காட்டினான்.